கிரெஷோ கோலிக்

கிரெஷோ கோலிக் (1922–1996) குரோவாசியத் திரைப்பட, தொலைக்காட்சி இயக்குநர். நகைச்சுவைக்காகவே அவர் பெரிதும் நினைக்கப்படுகிறார். ஆனால் அந்த நகைச்சுவையின் வேர் அன்றாட வாழ்வைக் கூர்ந்து பார்க்கும் ஆவணப்படக் கண்ணில் இருக்கிறது. 1966இல் அவர் எடுத்த 'மூன்று முதல் இருபத்திரண்டு வரை' என்ற குறும்படம், விடியலுக்கு முன்பே எழும் ஆலைத் தொழிலாளியான ஒரு தாயின் ஒரு நாளை இரவு பத்து மணி வரை பின்தொடர்கிறது. அதே கண்தான் 1970இல் வந்த 'பாடுபவன் தீங்கு நினையான்' படத்திலும் இயங்குகிறது. வியெகொஸ்லாவ் மாயெரின் கதையைத் தழுவி, 1930களின் ஸாக்ரெப் குடும்பமொன்றைச் சிறுவன் பெரிசாவின் பார்வையில் காட்டும் இப்படத்தைப் பழைய நாள் ஏக்கம் என்று சிலர் ஒதுக்குவர். அது சரியல்ல. பாட்டுக்கும் உல்லாசப் பயணத்துக்கும் அடியில் மனைவியின் சலிப்பும் கணவனின் குடியும் ஒளிவின்றித் தெரிகின்றன. மென்மையாகச் சொல்வதால் உண்மை குறைந்துவிடாது.

போர்க்கால இதழியல் எழுத்துகளுக்காக 1950களில் திரைத்துறையிலிருந்து விலக்கப்பட்டதால், அவர் பாதுகாப்பான சிரிப்பில் ஒதுங்கினார் என்றும் வாதிடலாம். ஆனால் கால்பந்தைச் சுற்றிய நகைச்சுவையான 'நீலம் 9' அதற்கு முன்பே, 1950இல் வந்துவிட்டது. 1975இல் ம்லாதென் கெர்ஸ்ட்னெர் எழுத்தில் அவர் இயக்கிய 'குருந்தொவ்சானி' தொலைக்காட்சித் தொடரோ, பொத்ராவினா வட்டாரக் கிராமத்தைக் கய்காவிய வழக்கிலேயே பேசவிட்டு, நல்லவனான தூதெக்கை ஊரார் எப்படிப் பயன்படுத்திக்கொள்கிறார்கள் என்று காட்டியது.