கரையேறியவர்கள் – 14: பூணூல் பாதிரியாரும் பரவர் பாதிரியாரும்

“மதுரைச் சாமியார் கதைக்கும் எங்க ஏரிக்கும் என்ன சம்பந்தம்?” என்று காட்டூர் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். சம்பந்தம் உண்டு. மதுரைச் சாமியாரான பாதிரியார் ராபர்ட் தெ நொபிலிக்குப் பேர் வந்ததும் பேர் கெட்டதும் ஒரே காரியத்தால்தான்: மீனவர் கோயிலை விட்டு விலகி நின்றார்.

இந்த வாரம் நொபிலி மீதான கோவா விசாரணை என்று சொல்லியிருந்தேன். அதற்கு முன் ஒரு பெரியவரைப் பார்த்துவிடுவோம்.

1606-இல் நொபிலி மதுரைக்கு வந்தபோது கொன்சாலோ பெர்னாண்டஸ் பாதிரியார் அங்கே பத்தாண்டுக்கு மேல் பழகியவர். அறுபதைத் தாண்டிய முன்னாள் போர்த்துகீசியச் சிப்பாய். மதுரையில் இருந்த மீனவப் பரவர்களுக்குப் பூசை வைத்தார், பள்ளிக்கூடம் நடத்தினார், நோயாளிகளைப் பார்த்துக்கொண்டார். உள்ளூர்க்காரர் ஒருவர்கூட மதம் மாறவில்லை. மாறினால் பரங்கி. பரங்கி என்றால் மாட்டுக்கறி, குடி, அழுக்கு என்பது ஊர்ப்பேச்சு.

நொபிலிக்கு இது சட்டென்று புரிந்தது. காவி, பாதக்குறடு, குடுமி, பூணூல், ஒரு வேளை மரக்கறிச் சோறு. தான் பரங்கியே அல்ல, ரோமாபுரி ராஜகுலம் என்றார். சிவதர்மர் என்ற பிராமணரிடம் வடமொழி படித்தார். ‘தத்துவ போதகர்’ ஆனார். அவருடைய முதல் சீடர் யார் தெரியுமா? பெர்னாண்டஸ் பள்ளிக்கூடத்து வாத்தியார்!

அதைக்கூடப் பெரியவர் பொறுத்திருப்பார். நொபிலியோ தனி வீடு, தனிக் கோயில் என்று ஒதுங்கி, அவரோடு வெளிப்படையாகப் பழகுவதையே தவிர்த்தார். 1610-இல் மேலிடத்துக்குப் புகார் போயிற்று. பொறாமை என்று பலர் எழுதிவிட்டார்கள். நான் ஒப்பமாட்டேன். இயேசுவின் முதல் சீடர்களே வலைக்காரர்கள். அவர் பேரைச் சொல்ல வந்தவர் மீன் வாடை படாமல் ஒரு கோயில் கட்டினால் கிழவருக்குக் கோபம் வராதா? ஏரியில் மீன்பிடிக்க யாருக்கு எந்தப் பாடு என்று பிரிப்பதை அறிந்தவர்கள் நீங்கள். நொபிலி கோயிலையே பாடு பிரித்தார். அவருடைய தமிழ் உரைநடைக்கு என் கும்பிடு. இந்தக் காரியத்துக்கு இல்லை.

பெரியவரைப் பேசியே பக்கம் தீர்ந்துவிட்டது. முடிவை மட்டும் சொல்லிவிடுகிறேன்: 1619-இல் கோவா பேராயர் நொபிலிக்கு எதிராக நின்றார்; 1623 ஜனவரி 31-இல் போப் பதினைந்தாம் கிரிகோரி பூணூலையும் குடுமியையும் அனுமதித்தார். விசாரணை மண்டபத்துக்குள் அடுத்த வாரம் போவோம்.

பார்வை மங்கிய நொபிலி 1656-இல் கண்மூடியது மதுரையில் அல்ல; கடலோர மயிலாப்பூரில்.