லேட்டா வந்த சத்தம்: எம்டனும் வட சென்னையும்

போன மாசம் ஃபிரெண்ட்ஸோட சேர்ந்து ஒரு ஃபேன்டஸி கேமுக்குக் கதை எழுதிட்டு இருந்தேன். அதுல ஒரு துறைமுக நகரம். அங்க பீரங்கி வெடிச்சா முதல்ல குண்டு வரும், சத்தம் நூறு வருஷம் கழிச்சு வரும். "லாஜிக் இடிக்குதே மச்சி"னு ஒருத்தன் சொன்னான். யோசிச்சுப் பார்த்தா, அந்த நகரம் நம்ம ஊருதான்.

சின்ன வயசுல நான் ஏதாவது சேட்டை பண்ணா எங்க ஆயா "சரியான எம்டன்டா நீ"னு திட்டும். திருவொற்றியூர்ல எங்க தெருவுல பாதிப் பசங்க எம்டன்தான். அது ஒரு கப்பல் பேருன்னு காலேஜ் போற வரைக்கும் எனக்குத் தெரியாது.

1914 செப்டம்பர் 22. முதல் உலகப் போர் தொடங்கி ரெண்டு மாசம்கூட ஆகல. ராத்திரி ஒன்பதரை மணி வாக்குல எஸ்எம்எஸ் எம்டன்கிற ஜெர்மன் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்துக்கு வெளியே வந்து நிக்குது. கேப்டன் பேரு கார்ல் ஃபான் முல்லர். போர் நடக்குற நேரத்துலயும் நகரத்துல விளக்கெல்லாம் எரிஞ்சிட்டு இருந்துச்சு. குறி பார்க்க அதுவே வசதியாப் போச்சு. சுமார் 3,000 கெஜ தூரத்துல இருந்து, துறைமுகத்துல இருந்த பர்மா ஆயில் கம்பெனியோட எண்ணெய்த் தொட்டிகள் மேல சுட்டாங்க. ஏறத்தாழ 130 குண்டுகள். தொட்டிகள் தீப்பிடிச்சு, சுமார் மூன்றரை லட்சம் கேலன் எண்ணெய் எரிஞ்சு போச்சு. குறைந்தது 5 பேர் செத்தாங்க. கரையில இருந்த பீரங்கிகள் திருப்பிச் சுட்டாலும், கப்பல் விளக்கை அணைச்சுட்டுப் போயிடுச்சு.

இப்போ கொஞ்சம் இன்ஜினியரிங். நம்ம ஊர் வெக்கையில ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 347 மீட்டர் போகும். 3,000 கெஜத்தைக் கடக்க அதுக்கு 8 விநாடி வேணும். எம்டனோட 10.5 சென்டிமீட்டர் பீரங்கிக் குண்டு கிளம்பும்போதே விநாடிக்கு 690 மீட்டர், அதாவது ஒலியைப் போல ரெண்டு மடங்கு. அதனால துறைமுகத்துல நின்னவங்களுக்கு முதல்ல வந்தது குண்டு. அதைச் சுட்ட சத்தம் அதுக்கு அப்புறம்தான் காதுல விழுந்திருக்கும். சத்தம் கேட்டு ஓடித் தப்பிக்கிற கணக்கே அங்க கிடையாது. திருவொற்றியூருக்கு அந்தச் சத்தம் வந்து சேர இன்னும் ஒரு 20 விநாடி.

இதுல ஒரு சுவாரஸ்யம் இருக்கு. ஒலியோட வேகத்தை அளக்குற வேலை இதே சென்னையில நூறு வருஷம் முன்னாடியே நடந்திருக்கு. 1820-21ல ஜான் கோல்டிங்ஹாம்னு ஒரு வானியலாளர், நுங்கம்பாக்கம் வானாய்வகத்துல உட்கார்ந்து, புனித ஜார்ஜ் கோட்டையிலயும் பரங்கிமலையிலயும் தினமும் காலையும் மாலையும் சுடுற பீரங்கிகளைக் கவனிச்சார். வெளிச்சம் தெரிஞ்சதும் எண்ண ஆரம்பிச்சு, சத்தம் காதுல விழுற வரைக்கும் எண்ணுவார். காத்து, வெப்பம் மாறினா வேகமும் மாறுதுன்னு எழுதி, 1823ல லண்டன் ராயல் சொசைட்டி இதழ்ல வெளியிட்டார். தினமும் பீரங்கிச் சத்தம் கேட்டு, அதை வெச்சு விஞ்ஞானமே பண்ண ஊரு. ஆனா அந்தப் பீரங்கிகள் எதுவும் ஊரைப் பார்த்துச் சுட்டதில்ல. வித்தியாசம் அதுதான்.

எம்டன் அடிச்சதுல சேதம் ஒரு பங்குன்னா, பயம் பத்துப் பங்கு. அடுத்தடுத்த நாட்கள்ல ஆயிரக்கணக்கான மக்கள் ரயில் ஏறியும் நடந்தும் ஊரைக் காலி பண்ணாங்க. எம்டன் திரும்பி வருதுன்னு வதந்தி. கப்பலுக்கோ ஆயுசு அதிகமில்ல. நவம்பர் 9ஆம் தேதி கோகோஸ் தீவுகள் பக்கத்துல சிட்னிங்கிற ஆஸ்திரேலியக் கப்பல் அதை அடிச்சு முடக்கிடுச்சு. செண்பகராமன் பிள்ளை எம்டன்ல வந்தார்னு ஒரு கதை இன்னும் ஓடுது. அதுக்கு ஆதாரம் இல்ல, அந்த நேரம் அவர் ஐரோப்பாவுல இருந்தார்.

கப்பல் போச்சு, வார்த்தை நின்னுடுச்சு. யாருக்கும் தெரியாம வந்து, வேலையை முடிச்சிட்டு, பிடிபடாமப் போறவன் எம்டன். 2006ல 'எம்டன் மகன்'னு பேரு வெச்ச படம், தமிழ்ப் பேரு இருந்தாத்தான் வரிவிலக்குங்கிறதால 'எம் மகன்' ஆச்சு. எங்க ஆயாவைக் கேட்டிருந்தா, அதைவிட சுத்தமான தமிழ் எதுன்னு கேட்டிருக்கும்.

இதை நான் ஏன் இப்போ சொல்றேன்? 2023 டிசம்பர் 26 ராத்திரி எண்ணூர்ல கடலுக்கடியில போற குழாய்ல இருந்து அமோனியா கசிஞ்சுது. பல பேரைத் தூக்கத்துல இருந்து எழுப்பினது அந்த நெடிதான். குழந்தைங்களைத் தூக்கிட்டு நடு ராத்திரியில ஓடினாங்க. மூச்சுத்திணறலோட ஆஸ்பத்திரிக்குப் போனவங்க பல பேரு. என்ன நடந்துச்சுங்கிற விவரம் அதுக்கு அப்புறம்தான் வந்துச்சு.

ராயபுரத்துல இருந்து எண்ணூர் வரைக்கும் எண்ணெய், வாயு, நிலக்கரி எல்லாத்துக்கும் பக்கத்துலதான் நாங்க தூங்குறோம். 1914ல குண்டு சத்தத்தை முந்தினது இயற்பியல். அதை யாராலயும் மாத்த முடியாது. ஆனா ஒரு சங்கு நெடிக்கு முன்னாடி ஊதணுமா பின்னாடி ஊதணுமாங்கிறது இயற்பியல் இல்ல. அது மனுஷங்க எடுக்குற முடிவு.

அடுத்த முறை பாரிமுனைப் பக்கம் போனா, உயர் நீதிமன்றத்தோட கிழக்குச் சுவர்ல எம்டன் குண்டு விழுந்ததைச் சொல்ற கல்வெட்டைப் பாருங்க. உங்க வீட்டுல யாராவது உங்களை எம்டன்னு திட்டியிருந்தா, எதுக்காகன்னு வாய்ஸ் நோட் அனுப்புங்க. அடுத்த எபிசோட்ல போடுறேன்.