இடைநின்று உதவும் நூலகம்

மைசூர்க் கீழ்த்திசை நூலகம் 1891-ஆம் ஆண்டு தோன்றியது. தஞ்சைப் பகுதிப் பண்டிதர் ஒருவர் அங்கு அளித்த கிரந்த எழுத்துச் சுவடியில் கௌடிலியரின் அர்த்தசாத்திரம் இருப்பதைக் கண்டறிந்த நூலகர் ஆர். சாமசாஸ்திரி, அதனை 1909-இல் அச்சிட்டு வெளியிட்டார். சுவடியும் இருந்தது, கற்க விழைவோரும் இருந்தனர்; இடைநின்று இணைப்பவரே வேண்டியிருந்தார்.

கணினி உலகில் இப்பணியைச் செய்வது ஒரு கோப்பு. அதற்கும் நூலகம் என்றே பெயர். 1980-களில் தரவுத்தளங்கள் பல பெருகின. ஒவ்வொன்றின் முறையும் வேறு. ஆதலின் செயலி எழுதுவோர் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி இணைப்பு எழுத நேர்ந்தது. 1992-இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் 'ஓடிபிசி' என்னும் பொதுமுறையை வெளியிட்டது. இதன்படி மேசைக் கணினியின் செயலி ஒரே வகையில் வினவும். 'டிரைவர்' என்னும் நூலகக் கோப்பு அவ்வினாவைத் தளத்தின் முறைக்கு மாற்றி, விடையைக் கொணரும். அக்கோப்பைச் செயலிகள் பலவும் பகிர்ந்துகொள்ளும். புதிய தளம் வந்தால் புதிய டிரைவர் போதும்.

பகிர்வில் இடரும் உண்டு. ஒரு செயலியை நிறுவுகையில் பொதுக்கோப்பின் பதிப்பு மாறிவிட்டால், ஏனையவை நின்றுவிடக்கூடும்.

அயல்மொழி நடுவே வாழும் நாம் இதனை எளிதில் உணர்வோம். இருமொழி அறிந்த ஒருவரால் தெரு முழுவதும் பயன் பெறும். அவர் பிழைபடச் சொன்னால் தெரு முழுவதும் இடர்ப்படும். பொதுவாய் நிற்பதனைப் பேணுதல் அனைவர்க்கும் கடனாகும்.