மதிலும் ஆவணமும்: வார்சா யூதர் பற்றிய வரலாற்றுப் புதினங்களில் சான்றும் புனைவும்

முன்னுரை

வரலாற்றுப் புதினம் சான்றுக்கும் கட்டுப்பட்டது, கற்பனைக்கும் கட்டுப்பட்டது. நெடுங்காலத்திற்கு முற்பட்ட மன்னரையும் போரையும் பாடுங்கால் இவ்விரு கடப்பாடுகளும் பெரிதும் முரணுவதில்லை. சான்று அருகிய இடத்தைக் கற்பனை நிரப்புகின்றது. நிகழ்ச்சி அண்மைக் காலத்ததாய், மடிந்தோர் பல இலட்சம் பேராய், மடிந்தோரே தம் கைப்படச் சான்று எழுதிவைத்துச் சென்றவராய் இருப்பின், அங்கே புதின ஆசிரியனுக்கு உள்ள உரிமை யாது? இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பிய யூதர்க்கு நேர்ந்த பேரழிவைப் பொருளாகக் கொண்ட புதினங்கள் இவ்வினாவை எழுப்புகின்றன. அவற்றுள் வார்சா நகரைக் களமாகக் கொண்ட ஜான் ஹெர்சியின் 'மதில்' என்னும் ஆங்கிலப் புதினத்தை (1950) முதன்மையாகவும், ஏனைய இரண்டை ஒப்புமைக்காகவும் எடுத்துக்கொண்டு, அவற்றை அந்நகரத்து உண்மை ஆவணத்தோடு வைத்து ஈண்டு ஆராய்வாம்.

ஆவணத்தின் வரலாறு

1939 செப்டம்பர் 1இல் செர்மானியப் படை போலந்துள் புகுந்தது. அப்போது வார்சா நகர மக்களுள் ஏறத்தாழ மூன்றில் ஒரு பகுதியினர் யூதர். 1940 நவம்பர் நடுவில், 'கெட்டோ' எனப்பட்ட யூதர் மதிலகம் அடைக்கப்பட்டது. ஏறத்தாழ மூன்றரைச் சதுரக் கிலோமீட்டர் பரப்பினுள் நாலு இலட்சத்துக்கு மேற்பட்டோர் நெருக்கப்பட்டனர். 1942ஆம் ஆண்டின் நடுப்பகுதிக்குள் பட்டினியாலும் நோயாலும் மட்டும் இறந்தோர் 80,000 பேருக்கு மேற்படுவர். அவ்வாண்டு சூலை 22இல் பெருநாடுகடத்தல் தொடங்கிற்று. செப்டம்பர்த் திங்கள் முடிவதற்குள் ஏறத்தாழ 2,65,000 பேர் திரெப்ளிங்கா கொலைக்களத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டனர்.

இம்மதிலகத்துள் வாழ்ந்தவர் எமானுவேல் ரிங்கெல்பிளம். 1900இல் பிறந்த இவர், இடைக்கால வார்சா யூதர் வரலாற்றை ஆராய்ந்து 1927இல் முனைவர் பட்டம் பெற்றவர். போர் தொடங்கிய சில வாரங்களிலேயே நாட்குறிப்பு எழுதத் தொடங்கினார். 1940 நவம்பரில் தம் தோழரைக் கூட்டி மறைவான ஓர் ஆவணக் குழுவை அமைத்தார். சனிக்கிழமைதோறும் கூடியமையின், ஓய்வுநாள் மகிழ்ச்சி எனப் பொருள்படும் 'ஒய்னெக் ஷபெஸ்' என்பது அதன் மறைபெயர் ஆயிற்று. ஆசிரியர், எழுத்தாளர், சமயக்குரு, பொருளியலார், தொண்டர் என ஐம்பதின்மருக்கு மேற்பட்டோர் இதில் உழைத்தனர்.

இக்குழுவினர் கடைப்பிடித்த நெறி ஆய்வு மாணவர் கருதத்தக்கது. ஒருவர் கூற்றே முடிந்த முடிபாகாது என்பதனால், ஒரே நிகழ்ச்சியைப் பலர் வாயிலாகக் கேட்டெழுதினர். வினாநிரல் வகுத்துப் பெண்டிர் நிலை, சிறுவர் நிலை, கள்ளக் கடத்தல், கஞ்சிச்சாலை, சிற்றூர்களினின்று விரட்டப்பட்டோர் நிலை எனப் பகுத்து ஆராய்ந்தனர். தலைவர்தம் அறிக்கைகளோடு அமையாது, மிட்டாய் சுற்றிய தாளையும் டிராம் வண்டிச் சீட்டையும் பங்கீட்டு அட்டையையும் நாடக விளம்பரத்தையும் சேர்த்துவைத்தனர். பிற்கால வரலாற்றாசிரியன் எதனை வேண்டுவான் என்பதை முன்கூட்டி அறிதல் அரிது என்பதனை அவர்கள் உணர்ந்திருந்தனர். நினைவுக்காக மட்டும் அவர்கள் தொகுக்கவில்லை. கொலை பற்றிய அவர்தம் செய்திகள் மறைவழியாக இலண்டனை எட்டி, 1942 சூனில் வானொலியில் ஒலிபரப்பப்பட்டன.

நாடுகடத்தல் நிகழ்ந்துகொண்டிருந்த 1942 ஆகஸ்டில், ஆசிரியர் இஸ்ரேல் லிச்டென்ஷ்டைன் தம் மாணவர் இருவர் துணையோடு ஆவணத்தின் முதற்பகுதியைப் பத்துத் தகரப் பெட்டிகளில் அடைத்து, நோவோலிப்கி தெருவிலுள்ள பள்ளிக் கட்டடத்தின் அடியில் புதைத்தார். 1943 பிப்ரவரியில் இரண்டாம் பகுதி இரண்டு பாற்குடங்களில் அதே இடத்தில் புதைக்கப்பட்டது. மூன்றாம் பகுதி, 1943 ஏப்ரல் 19இல் எழுந்த கிளர்ச்சிக்குச் சற்று முன்னர் வேறோர் இடத்தில் புதைக்கப்பட்டது. ரிங்கெல்பிளம் மதிலகத்தினின்று தப்பி நிலவறை ஒன்றில் மறைந்திருந்தார். 1944 மார்ச்சில் அகப்பட்டு, மனைவியோடும் மைந்தனோடும் கொல்லப்பட்டார். குழுவின் உள்வட்டத்தாருள் போருக்குப்பின் எஞ்சியோர் மூவர். அவர்தம் முயற்சியால் 1946 செப்டம்பர் 18இல் இடிபாட்டின் கீழிருந்து பெட்டிகள் எடுக்கப்பட்டன. நீர் புகுந்து தாள்கள் பல கெட்டிருந்தன. பாற்குடங்கள் 1950 டிசம்பர் 1இல் கிடைத்தன. மொத்தம் ஏறத்தாழ 35,000 பக்கங்கள். இவை வார்சாவிலுள்ள யூத வரலாற்று நிறுவனத்தில் உள்ளன. 1999இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றன.

ஹெர்சியின் 'மதில்'

ஜான் ஹெர்சி யூதர் அல்லர். சீனத்தில் பிறந்த அமெரிக்கர். போர்ச் செய்தியாளராக வார்சாவின் அழிவைக் கண்டவர். 1946இல் வெளிவந்த 'ஹிரோஷிமா' என்னும் நூலால் புகழ்பெற்றவர். இத்திஷ் மொழியும் போலிஷ் மொழியும் அறியாத இவர், போர் முடிந்தவுடன் அம்மொழிகளில் வெளிவந்த நாட்குறிப்புகளையும் சான்றுகளையும் மொழிபெயர்ப்பாளர் வாய்மொழியாகக் கேட்டுத் தெரிந்துகொண்டார். முதலில் எல்லாம் அறிந்த ஆசிரியன் கூற்றாக எழுதத் தொடங்கி, அது பொருந்தாமை கண்டு கைவிட்டு, மதிலகத்துள் இருந்தான் ஒருவன் கூற்றாக முழுதும் மாற்றி எழுதினார். அவனே நோவாக் லெவின்சன் என்னும் கற்பனை ஆவணத் தொகுப்பாளன்.

புதினத்தின் அமைப்பு முழுதும் ஆவண வடிவினது. புதைத்த ஆவணம் கண்டெடுக்கப்பட்ட செய்தியைக் கற்பனைப் பதிப்பாளன் ஒருவன் முன்னுரைக்கின்றான். ஒவ்வொரு பதிவின் தலைப்பிலும் நிகழ்ச்சி நடந்த நாளும், அதனை எழுதிய நாளும், சொன்னவர் பெயரும் குறிக்கப்படுகின்றன. இவ்வுத்தியால் விளைந்த பயன் பெரிது. லெவின்சன் தான் கண்டதையும் கேட்டதையும் அன்றி எழுதுவதில்லை. பிறர் உள்ளத்துள் புகுந்து பேசும் உரிமை அவனுக்கு இல்லை. நாளை என்ன நிகழும் என்பதை அவன் அறியான், படிப்போர் அறிவர். அவலச்சுவை இவ்விடைவெளியினின்றே பிறக்கின்றது. இன்று முடிவை அறிந்த நாம், அன்று அம்மக்கள் ஏன் முன்னரே உணர்ந்திலர் என எளிதாக வினவுகின்றோம். அவ்வினா எத்துணைப் பொருந்தாதது என்பதைப் புதினம் நாள்நாளாகக் காட்டுகின்றது.

எனினும் ஆவணத்தோடு ஒப்புநோக்குங்கால் மூன்று வேறுபாடுகள் புலனாகின்றன. ஒன்று, உண்மை ஆவணம் பலர் குரல். புதின ஆவணம் ஒருவன் குரல். கதைக்கு ஒருமை வேண்டுமாதலின் இம்மாற்றம் நேர்ந்தது. ஆயின் ஒருவர் கூற்றே போதாது என்ற ஒய்னெக் ஷபெஸ் குழுவின் அடிப்படை நெறி அதனால் மறைகின்றது. இரண்டு, லெவின்சன் குடும்பமற்ற தனியன். ரிங்கெல்பிளமோ மனைவியும் மகனும் உடையவர். தனியனாக்கியதால் லெவின்சன் பிறர் குடும்பத்துள் அன்பு தேடுவோனாக மலர்கின்றான். இது புதினத்தின் சிறந்த பகுதி. ஆனால் தன் மக்களைக் காப்பதா, தன் பணியைக் காப்பதா என உண்மைத் தொகுப்பாளர் நாளும் எதிர்கொண்ட முரண் அதில் இடம்பெறவில்லை. மூன்று, 'மதில்' வெளிவந்தபோது பாற்குடங்கள் மண்ணுக்கடியிலேயே இருந்தன. திரெப்ளிங்காவினின்று தப்பி மீண்ட ஒருவர் சொல்ல, கஞ்சிச்சாலை நடத்திய ரகேல் அவுவெர்பாக் எழுதிய நெடுஞ்சான்று அவற்றினுள்தான் இருந்தது. ஆகவே ஹெர்சி கற்பனை செய்த இடங்களுட் சில, சான்று கிடைக்காமையால் நேர்ந்தனவே அன்றிச் சான்றைப் புறக்கணித்தமையால் நேர்ந்தன அல்ல.

பெயர் சுட்டலும் சுட்டாமையும்

தமிழ் மரபில் அகப்பாட்டுத் தலைமக்களின் இயற்பெயரைச் சுட்டுதல் இல்லை. புறப்பாட்டில் சுட்டுதல் உண்டு. எல்லார்க்கும் பொதுவான உணர்வுக்குப் பெயர் தடை. ஒருவர்க்கே உரிய செயலுக்குப் பெயரே உயிர். இப்பாகுபாட்டை அளவுகோலாகக் கொண்டு நோக்கின், ரிங்கெல்பிளம் என்னும் பெயரை நீக்கி லெவின்சன் எனப் படைத்த ஹெர்சி, புறப்பொருளை அகநெறியிற் பாடினார் எனலாம். அதனால் வார்சாவின் துயரம் எல்லா நாட்டு மக்களுக்கும் உரியதாயிற்று. ஆங்கில வாசகர்க்கு ரிங்கெல்பிளத்தின் குறிப்புகள் நூலாகக் கிடைத்தது 1958இல்தான். அதற்கு எட்டாண்டுகட்கு முன்னரே லெவின்சன் அவர்களிடையே உலவத் தொடங்கிவிட்டான்.

ஆயினும், புதைத்தவர்கள் வேண்டியது யாது? பெட்டிகளோடு தம் இறுதிமுறியையும் அவர்கள் வைத்தனர். லிச்டென்ஷ்டைன் தமக்கெனப் புகழ் வேண்டவில்லை. ஓவியராகிய தம் மனைவி கெலா செக்ஸ்டைனும் இருபது திங்கள் நிரம்பிய தம் மகள் மார்கலித்தும் நினைக்கப்பட வேண்டும் என்பதே அவர் வேண்டுகோள். பெட்டி புதைத்த பத்தொன்பது வயது மாணவன் தாவீது கிராபர், இப்புதையல் தோண்டப்படும் நாளில் தான் இருந்து உலகுக்கு உண்மையை உரக்கச் சொல்ல வேண்டும் என்று ஏங்கி எழுதினான். கொன்றவர்கள் அழிக்க முயன்றது உயிரை மட்டுமன்று, பெயரையும் ஆகும். அங்ஙனமாயின், நல்லெண்ணத்தோடு செய்யினும், பெயரை மாற்றுதல் அவர்தம் வேண்டுகோளுக்கு மாறாகும் அன்றோ? ஹெர்சி இதனை உணராதவர் அல்லர். நூல்முகப்பிலேயே இவ்வாவணம் கற்பனை, மாந்தர் கற்பனை என அறிவித்துள்ளார். அவ்வறிவிப்பு அவர்தம் நேர்மைக்குச் சான்று. எனினும் வினா முழுதும் நீங்கவில்லை.

யூரிசும் பெக்கரும்

லியோன் யூரிஸ் எழுதிய 'மிலா 18' (1961) இதே களத்தது. அலெக்சாந்தர் பிராண்டல் என்னும் நாட்குறிப்பாளன் இதிலும் உண்டு; அவனும் ரிங்கெல்பிளத்தின் சாயலினன். ஆயின் இங்கே நாட்குறிப்பு வாயில் மட்டுமே. படைக்கலப் போரே உயிர். புதினத்தின் பெயர், 1943 மே 8இல் கிளர்ச்சித் தலைவர் மோர்தெகாய் அனிலெவிச் மடிந்த நிலவறையின் முகவரி. சில நூறு இளைஞர் பெரும்படையை எதிர்த்து நின்றது புறத்திணைக்குரிய பெருஞ்செயலே, ஐயமில்லை. எனினும் வீரத்தைப் போரில் மட்டும் காண்பது, கஞ்சி காய்ச்சியவரையும் மறைவில் பள்ளி நடத்தியவரையும் மதிலின் துளைவழி உணவு கொணர்ந்த சிறுவரையும் இரண்டாம் இடத்துக்குத் தள்ளிவிடும். உண்மை ஆவணம் இவர்களுக்கே மிகுதியான பக்கங்களை ஒதுக்கியது.

யூரேக் பெக்கரின் 'பொய்யன் யாக்கோப்' (1969) செர்மன் மொழியில் எழுந்தது. இவ்வாசிரியர் சிறுவயதில் லோட்ஸ் நகர மதிலகத்திலும் பின்னர் முகாம்களிலும் இருந்து பிழைத்தவர். தற்செயலாக வானொலிச் செய்தி ஒன்றைக் கேட்ட யாக்கோப், தன்னிடம் வானொலி உண்டு எனப் பொய்கூறி, நாள்தோறும் நற்செய்தி புனைந்து பிறர்க்கு நம்பிக்கை ஊட்டுகின்றான். இறுதியில் கதைசொல்லி இரண்டு முடிவுகளை வைக்கின்றான்: தான் விரும்பிய முடிவு ஒன்று, நிகழ்ந்த முடிவு மற்றொன்று. எது புனைவு, எது நிகழ்ச்சி என்னும் எல்லைக்கோட்டைக் கதைக்குள்ளேயே கிழித்துக் காட்டும் இந்நெறி, ஹெர்சி முகப்பில் செய்ததைக் கதையின் அமைப்பாகவே ஆக்கிவிட்டது.

இவ்வெல்லை மறைக்கப்படின் விளையும் தீங்கும் பிற்காலத்தில் வெளிப்பட்டது. 1995இல் முகாமில் வளர்ந்த சிறுவனின் தன்வரலாறு எனப் போற்றப்பட்ட நூல் ஒன்று, சில ஆண்டுகளுள் முழுக் கற்பனை என மெய்ப்பிக்கப்பட்டுப் பதிப்பகத்தாரால் திரும்பப் பெறப்பட்டது. பேரழிவே நிகழவில்லை எனச் சாதிப்போர் உள்ள உலகில், பொய்ச்சான்று ஒன்று மெய்ச்சான்று பலவற்றையும் ஐயத்துக்கு உள்ளாக்கும். புனைவு தவறன்று, தான் புனைவு என்பதை ஒளித்தலே தவறு.

முடிபு

மேற்கூறியவற்றால் யாம் துணியும் முடிபுகள் இவை. மக்கள் பேரழிவைப் பாடும் புதினம், ஆவணம் சொல்லாத உள்ளத்தைச் சொல்லலாம். ஆவணம் சொன்னதை மாற்றலாகாது. ஆவண வடிவை மேற்கொள்ளின், அது வடிவமே என்பதை மறைத்தலாகாது. பெயரை நீக்கும் உரிமை புதின ஆசிரியனுக்கு உண்டு. ஆயின் அப்பெயரை மீட்டுரைக்கும் கடமை வரலாற்றாசிரியனுக்கு உண்டு. 2007இல் சாமுவேல் காசோவ் ரிங்கெல்பிளம் குழுவினரைப் பெயர் பெயராக எடுத்து எழுதிய பெருநூல் அக்கடனை ஆற்றியது. ஆதலின் 'மதில்' படிக்கும் மாணவர் அதனோடு அமையாது, அந்நூலையும் ஆவணத்தையும் உடன்வைத்துப் படித்தல் வேண்டும்.

இரண்டு பகுதிகள் கிடைத்தன. மூன்றாம் பகுதியோ, கருகிய சில தாள்கள் நீங்கலாக, இன்றுவரை கிடைத்திலது. அதில் யார் யாருடைய பெயர்கள் இருந்தன என்பதைப் புனைந்து நிரப்ப எந்தப் புதினத்தாலும் இயலாது.