மிளகாய் வந்த வழி: கடாரத்து அடுப்பும் ஹங்கேரிக் குழம்பும்



என் தவறு ஒன்றை ஒப்புக்கொண்டு இக்கட்டுரையைத் தொடங்குகிறேன். எங்கள் பள்ளியில் பாரம்பரிய உணவுக் கண்காட்சி நடைபெற்றபோது, "பண்டைத் தமிழரின் சமையற்பொருள்கள்" என்னும் தலைப்பில் ஒரு மேசையை நான் அமைத்தேன். மிளகு, மஞ்சள், இஞ்சி, திப்பிலி ஆகியவற்றோடு ஒரு கிண்ணத்தில் காய்ந்த மிளகாயும் வைத்திருந்தேன். ஐந்தாம் ஆண்டு மாணவி ஒருத்தி அருகில் வந்து, "டீச்சர், மிளகாய் மெக்சிகோ பக்கத்துலேர்ந்து வந்துச்சுன்னு நூலகப் புத்தகத்துல போட்டிருக்கே?" என்று கேட்டாள். "இல்லையம்மா, அது நம்முடையதுதான்" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். தெரியாததைத் தெரிந்ததுபோல் சொல்லக்கூடாது என்பது பயிற்சிக் கழகத்தில் எங்களுக்குக் கற்பிக்கப்பட்ட முதற்பாடம்! அன்றிரவு புத்தகங்களைப் புரட்டியபோது அந்தச் சிறுமி சொன்னதே சரி என்று தெரிந்தது.

சங்க இலக்கியத்தில் "கறி" என்ற சொல் மிளகைக் குறிக்கும். தமிழரின் காரம் என்றால் அக்காலத்தில் மிளகும் திப்பிலியும் இஞ்சியும்தாம். பூம்புகார்த் துறைமுகத்தில் வந்து குவிந்த பண்டங்களைப் பட்டினப்பாலை அடுக்கிச் சொல்லும்போது மிளகு மூட்டைகளையும் காழகத்துப் பொருள்களையும் குறிப்பிடுகிறது. காழகம் என்பது கடாரம் என்று உரையாசிரியர் நச்சினார்க்கினியர் விளக்குகிறார். நாம் வாழும் இந்தக் கெடா மாநிலத்தைத்தான் கடாரம் என்கிறோம். 1025ஆம் ஆண்டு முதலாம் இராஜேந்திர சோழனின் கடற்படை இங்கு வந்தபோது, அவ்வீரர்களின் சோற்றுப்பானைக்குப் பக்கத்தில் மிளகாயும் இல்லை, தக்காளியும் இல்லை, உருளைக்கிழங்கும் இல்லை. இம்மூன்றும் அமெரிக்கக் கண்டங்களுக்கு உரியவை. கொலம்பஸ் 1492இல் அக்கரை சேர்ந்த பின்னரே அவை கடல் கடந்தன. வாஸ்கோ ட காமா 1498இல் கோழிக்கோட்டிற்கு வந்தார். அவருக்குப் பின் வந்த போர்த்துகீசியக் கப்பல்கள் மிளகாயை இந்தியக் கரைக்குக் கொண்டுவந்தன.

நம் மண்ணில் அது எவ்வளவு விரைவாக வேரூன்றியது என்பதற்கு ஒரு சான்று உண்டு. ஜெர்மானிய மூலிகை அறிஞர் லியோன்ஹார்ட் ஃபூக்ஸ் 1542இல் வெளியிட்ட நூலில் மிளகாயைக் "கோழிக்கோட்டு மிளகு" என்றே அழைத்தார். அது இந்தியச் செடி என்று அவர் நம்பினார். நான் செய்த தவறை ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே ஒரு பேரறிஞரும் செய்திருக்கிறார் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன்.

இதே செடி எதிர்த்திசையில் ஹங்கேரி நாட்டுக்கும் சென்றது. உதுமானியத் துருக்கியர் 1541இல் புடா நகரைக் கைப்பற்றி 1686வரை ஆண்டனர். அவர்கள் வழியாக மிளகாய் அங்கே பரவியதால், தொடக்கத்தில் அதனைத் "துருக்கிச் சிவப்பு மிளகு" என்றனர். பிற்காலத்தில் நிலைத்த பெயர் பப்ரிகா. இப்பெயரின் வரலாறு சுவையானது. மிளகைக் குறிக்கும் சிலாவியச் சொல்லிலிருந்து அது பிறந்தது. அச்சொல் இலத்தீன் "பீப்பர்" என்பதிலிருந்து வந்தது. இலத்தீனோ கிரேக்கத்தின் வழியாக நம் நாட்டுப் "பிப்பலி"யிடம் கடன் வாங்கியது. பிப்பலிதான் நம் திப்பிலி! ஆகவே ஹங்கேரியரின் அடுக்களையில் செடி அமெரிக்காவினுடையது, பெயரின் வேர் இந்தியாவினுடையது. தமிழில் மிளகு மிளகாய்க்குப் பெயர் தந்ததுபோலவே மலாய்மொழியிலும் நடந்துள்ளது. "சாபாய்" என்பது முன்பு ஒருவகைத் திப்பிலியின் பெயராக இருந்தது. புதிய காரம் வந்தபோது மூன்று மக்களும் பழைய காரத்தின் பெயரையே அதற்குச் சூட்டினர்.

ஹங்கேரியில் பப்ரிகா முதலில் ஏழைகளின் சுவைப்பொருளாகவே இருந்தது. மிளகு வாங்க வசதியற்ற குடியானவர்களும் மாடு மேய்ப்பவர்களும் அதனை இட்டுக் குழம்பு காய்ச்சினர். "குயாஷ்" என்னும் புகழ்பெற்ற குழம்பின் பெயரே மாடு மேய்ப்பவனைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்ததுதான். செகெத் நகரப் பப்ரிகாவிலிருந்து ஆல்பர்ட் செந்த்-ஜியார்ஜி உயிர்ச்சத்து 'சி'யைப் பெருமளவில் பிரித்தெடுத்தார். 1937இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. அறிவியல் ஆசிரியர்கள் இதனை வகுப்பில் சொல்லலாம்.

நம் தோட்டங்களுக்கும் இந்தக் கடல்வழிக்கும் நெருங்கிய உறவு உண்டு. பால்மரமும் அமெரிக்கச் செடிதானே! பிரேசிலிலிருந்து ஹென்றி விக்கம் 1876இல் விதைகளை இலண்டனுக்குக் கொண்டுசென்றார். மறு ஆண்டு 22 கன்றுகள் சிங்கப்பூருக்கு வந்துசேர்ந்தன. பின்னர் பீடோங், சுங்கை பட்டாணி, கூலிம் வட்டாரங்களில் காடு அழிந்து கித்தாத் தோட்டம் எழுந்தது. அந்த மரத்தில் பால் வெட்டவே நம் முன்னோர் கப்பலேறினர். லயத்து வீட்டின் அடுப்பில் கொதித்த குழம்பின் மிளகாயும் வாசலுக்கு எதிரே நின்ற மரமும் அமெரிக்கக் கண்டங்களின் பிள்ளைகள். ஜப்பானியர் ஆட்சியில் அரிசி கிடைக்காதபோது நம் மக்களின் உயிரைக் காத்த மரவள்ளியும் அங்கிருந்து வந்ததே. வீட்டில் பாட்டி, தாத்தா இருந்தால் அந்த மரவள்ளிக் காலத்தைப் பற்றிக் கேட்டுப் பிள்ளைகளை எழுதச் சொல்லுங்கள்.

இவ்வளவும் படித்த பிறகு சும்மா இருக்க முடியவில்லை. புரட்டாசி மாதம், வீட்டில் சைவம். ஹங்கேரியரின் உருளைக்கிழங்குப் பப்ரிகா குழம்பை நம் முறையோடு கலந்து சமைத்துப் பார்த்தேன். இரண்டு பெரிய வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி, மிதமான தீயில் கால் மணி நேரம் வதக்கவேண்டும். அவசரப்படக்கூடாது, குழம்பின் கெட்டித்தன்மை வெங்காயத்தில்தான் உள்ளது. பின் அடுப்பை அணைத்துவிட்டு இரண்டு மேசைக்கரண்டி பப்ரிகாத் தூளைக் கொட்டிக் கிளறி, உடனே தண்ணீர் விடவேண்டும். அத்தூளில் சர்க்கரைச் சத்து மிகுதி. தீயில் இட்டால் கருகிக் கசந்துவிடும். (முதல்முறை எனக்குக் கசந்துதான் போயிற்று.) அரைக் கிலோ உருளைக்கிழங்கு, இரண்டு குடைமிளகாய், இரண்டு தக்காளி, உப்பு சேர்த்து வேகவிடவேண்டும். அவர்கள் பன்றிக் கொழுப்பில் வதக்குவர். நான் எண்ணெயில் வதக்கினேன். அவர்கள் சீரகம் போன்ற வேறொரு விதையை இடுவர். நான் சீரகத்தையே இட்டேன். வேகவைத்த துவரம் பருப்பு அரைக் கோப்பை சேர்த்தேன். அவர்கள் ஊற்றும் புளித்த பாலேட்டுக்குப் பதிலாக, இறக்கியபின் கடைந்த தயிரை ஊற்றிக் கடுகும் கறிவேப்பிலையும் தாளித்தேன்.

முப்பது ஆண்டுகள் பால் வெட்டிய என் அம்மா ஒரு வாய் உண்டுவிட்டு, "நிறமெல்லாம் நல்லாத்தான் இருக்கு, காரம் எங்கம்மா?" என்றார். பிறகு இரண்டு பச்சை மிளகாயைக் கடித்துக்கொண்டு தட்டைக் காலி செய்தார்.

இச்செய்தியைப் பெற்றோர் கூட்டத்தில் சொன்னபோது ஒரு தாய், "அப்படின்னா நம்மளுதுன்னு சொல்ல என்னதான் டீச்சர் மிச்சம்?" என்று வருத்தத்துடன் கேட்டார். அவ்வருத்தம் எனக்குப் புரிந்தது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயங்கள் இடிக்கப்பட்டு, ஊரை இழந்தவர்களிடம் குழம்பையும் பிறருடையது என்றால் எப்படி இருக்கும்? மிளகு, துவரை, உளுந்து, கறிவேப்பிலை ஆகியவை நம் நாட்டில் பிறந்தவை என்று சொன்னேன். வந்த மிளகாயை நானூறு ஆண்டுகளுக்கும் மேலாக நட்டு, காயவைத்து, அரைத்து, குழம்பாக்கிய கை நம்முடையது என்றும் சொன்னேன். அவர் முழுமையாக ஏற்றுக்கொண்டதாகத் தோன்றவில்லை.

மறுவாரம் அந்த மாணவியை அழைத்து, அவள் சொன்னதே சரி என்று வகுப்பின் முன் அறிவித்தேன். கிண்ணத்தை எடுத்து "கடல் கடந்து வந்தவை" என்ற புதிய மேசையில் அவளே வைத்தாள். வைத்துவிட்டுத் திரும்பி, "டீச்சர், அப்ப புளி?" என்றாள். புளியமரத்தின் தாயகம் ஆப்பிரிக்கா என்பதை இம்முறை முன்பே படித்து வைத்திருந்தேன்.