நாலு வருஷம் ஒத்திகை... அப்புறம்தான் கச்சேரி! - வியன்னாவின் 'கான்சென்டுஸ் மியூசிகுஸ்'

ஒரு மியூசிக் பேண்டு ஆரம்பிச்சா எத்தனை நாள்ல மேடை ஏறலாம்? வியன்னாவில் 1953-ல் தொடங்கிய 'கான்சென்டுஸ் மியூசிகுஸ்' குழு, பொதுமக்கள் முன்னாடி வாசிக்க எடுத்துக்கிட்டது நாலு வருஷம். 1957 வரைக்கும் வீட்டு ஹால்லதான் ஒத்திகை!

அந்த வீடு, நிகோலாஸ் ஹார்னன்கோர்ட் - ஆலிஸ் தம்பதியுடையது. அவர் செல்லோ, மனைவி வயலின். ஹார்னன்கோர்ட்டுக்கு வியன்னா சிம்பொனி ஆர்கெஸ்ட்ராவில் செல்லோ வாசிக்கிற வேலை. வேலை நேரம் போக, சக கலைஞர்கள் சிலரைச் சேர்த்துக்கிட்டு பாக், விவால்டி காலத்து 'பரோக்' இசையைத் தோண்ட ஆரம்பிச்சார். அந்த இசை அது பிறந்த காலத்தில் எப்படிக் கேட்டிருக்கும்? இதுதான் அவங்க கேள்வி.

விடை தேட, கருவிகளையே மாத்த வேண்டியிருந்தது. வயலினில் உலோகக் கம்பிகளுக்குப் பதில் ஆட்டுக்குடலில் திரித்த நரம்பு. வில்லும் பழைய வடிவம். சுருதியும் இறங்கும், இன்றைய ஆர்கெஸ்ட்ராக்களில் 440 அதிர்வு என்றால், பரோக் குழுக்களில் பொதுவா 415. நம்ம கணக்குல சொன்னா, சுமார் அரைக் கட்டை கம்மி. டிரம்பெட்டில் அழுத்துற வால்வே கிடையாது. எல்லாத்தையும் உதடும் மூச்சும்தான் பார்த்துக்கணும். கொஞ்சம் பிசகினாலும் சுரம் வழுக்கிடும். நரம்போ, காத்துல ஈரம் ஏறினாலே சுருதி மாறும். இதையெல்லாம் புதுசா கத்துக்கத்தான் அந்த நாலு வருஷம்.

பல வருஷம் ரெண்டு குதிரையில் சவாரி செஞ்ச ஹார்னன்கோர்ட், 1969-ல் சிம்பொனி வேலையை விட்டார். மோட்சார்ட்டின் ஜி மைனர் சிம்பொனியை இனிப்பு தடவி வாசிக்கிறதை இனியும் தாங்க முடியாதுன்னுதான் கிளம்பினேன் என்று பின்னாளில் அவரே சொல்லியிருக்கார். மாசச் சம்பளத்தை இப்படி உதற நம்மில் எத்தனை பேருக்குத் தைரியம் வரும்?

1971-ல் அடுத்த பெரிய வேலை. பாக்கின் சர்ச் கான்டாட்டாக்கள் மொத்தத்தையும் பதிவு செய்யும் திட்டம். நெதர்லாந்தின் குஸ்டாஃப் லியோன்ஹார்ட் குழுவோடு பங்கு போட்டுக்கிட்டாங்க. சுமார் 200 படைப்புகள், முடியும்போது 1990! பாக் காலத்து வழக்கப்படி, உச்சஸ்தாயியைப் பெரும்பாலும் சிறுவர்களே பாடினாங்க. உண்மையைச் சொல்லணும்னா, சில இடங்களில் அந்தப் பிஞ்சுக் குரல்கள் திணறுறது நல்லாவே தெரியுது. ஆனா, அந்தச் சொரசொரப்புக்குக் காது பழகிட்டா, வழவழப்பான பதிவுகள் கொஞ்சம் சப்புனு ஆகிடுது. புதுசா கேட்கிறவங்க 1964-ல் இவங்க பதிவு செஞ்ச பாக்கின் பிராண்டன்பர்க் கான்செர்ட்டோக்களில் ஆரம்பிக்கலாம்.

அப்புறம் ஹைடன், மோட்சார்ட் என நகர்ந்த குழு, 2015-ல் பீத்தோவனின் 4, 5-வது சிம்பொனிகளையும் பதிவு செஞ்சது. அந்த டிசம்பரில், 86-வது பிறந்தநாளுக்கு முந்தைய நாள், ஹார்னன்கோர்ட் கைப்பட ஒரு கடிதம் எழுதினார். உடம்பு ஒத்துழைக்கலை, விடைபெறுகிறேன் என்று ரசிகர்களுக்குச் சொன்ன அந்தக் கடிதம், கச்சேரி நிகழ்ச்சி நிரலோடு சேர்த்துத் தரப்பட்டது. 2016 மார்ச்சில் அவர் காலமானார். குழுவை இப்போ ஸ்டெஃபான் காட்ஃப்ரீட் வழிநடத்துறார். குடல் நரம்பு மட்டும் மாறலை.