எம்டனுக்கும் வழி காட்டிய விளக்கு

அறுபதுகளில், மண்ணடியில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் இரவு படுத்தால், ஹைகோர்ட் கோபுரத்து விளக்கின் வெளிச்சம் வந்து வந்து போகும். அதை எண்ணிக்கொண்டே தூங்கிவிடுவேன். பாட்டிக்கு மட்டும் அந்த விளக்கைப் பிடிக்காது. "இதுதான்டா அவனைக் கூப்பிட்டுக்கிட்டு வந்தது" என்பாள்.

சென்னையில் துறைமுகத்துக்கு முன்பே கலங்கரை விளக்கம் வந்துவிட்டது. 1796இல் கோட்டைக்குள், இன்று அருங்காட்சியகமாக இருக்கும் கட்டடத்தின் உச்சியில் தேங்காய் எண்ணெய் விளக்குகளை ஏற்றினார்கள். அப்போது கப்பல் ஒதுங்க இடம் கிடையாது. கரைக்கு எதிரே கடலிலேயே நங்கூரம் பாய்ச்ச வேண்டும். ஆளும் சரக்கும் மசூலாப் படகில் அலையைத் தாண்டி வரவேண்டும். எங்கே நிறுத்துவது என்று இரவில் காட்ட அந்த விளக்குதான். துறைமுக வேலை தொடங்கியது 1870களில்.

1844 ஜனவரி 1 முதல், கோட்டைக்கு வடக்கே 125 அடி உயரக் கருங்கல் தூணில் விளக்கு எரிந்தது. கேப்டன் ஜே. டி. ஸ்மித் வடிவமைத்த தூண் அது. ஐம்பது வருடம் கழித்து, பக்கத்திலேயே ஹைகோர்ட் எழும்பியதும், அதன் கோபுரத்துக்கு விளக்கை மாற்றினார்கள். 1894 ஜூன் 1 முதல் அங்கே எரிந்தது. உயரம் 175 அடி. உயரம் கூடினால் இன்னும் தூரத்திலிருந்தே கப்பல்காரன் கண்ணுக்குத் தெரியும்.

எதிரியின் கண்ணுக்கும் தெரியும். 1914 செப்டம்பர் 22 இரவு, ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன் வந்தது. போர் மூண்டு ஏழு வாரம் ஆகியும் சென்னையில் விளக்குகளை அணைக்கவில்லை. சில நிமிடக் குண்டுவீச்சில் பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் பற்றி எரிந்தன. ஒரு குண்டு ஹைகோர்ட் சுற்றுச்சுவரில் விழுந்தது. ஊரே மூட்டை கட்டியது. பத்து வயதுப் பாட்டியும் மாட்டு வண்டியில் காஞ்சிபுரத்துக்குப் போனாளாம். அவள் சொன்ன "அவன்" எம்டன்தான். துணிந்த ஆளை நாம் இன்றும் "சரியான எம்டன்" என்கிறோமே, அந்த எம்டன்.

அப்பா சிரிப்பார். "விளக்குக்கு ஆள் அடையாளம் தெரியுமாம்மா? அது இல்லைன்னா நம்ம ஜனங்களும்தானே கரை சேர முடியாது?"

1977 ஜனவரியில் மெரினாவில் புது விளக்கம் திறந்தார்கள். ஹைகோர்ட் விளக்கு ஓய்ந்தது. பழைய கருங்கல் தூண் இன்றும் ஹைகோர்ட் வளாகத்தில் நிற்கிறது.

விளக்கு நின்ற பிறகு ஒரு நாள் மாடிக்கு வந்த பாட்டி, வெகுநேரம் கிழக்கே பார்த்துக்கொண்டு நின்றாள். "என்னடா, வெளிச்சத்தைக் காணோம்?" என்றாள். சொன்னேன். அன்று அவள் தூங்கவே இல்லை.